ஆனியன் ரிங்ஸ்: கடித்தால் மாவு தனி, வெங்காயம் தனி. மொறுமொறுப்பு நிற்க என்ன வழி?

பசியோடு:

வீட்டில் ஆனியன் ரிங்ஸ் போடும்போது நான்கு கோளாறுகள் விடாமல் வருகின்றன. செய்முறையை அப்படியே தருகிறேன், எங்கே பிசகு என்று பார்த்துச் சொல்லுங்கள்.

பெரிய வெங்காயம் இரண்டு, அரை சென்டிமீட்டர் கனத்தில் வட்டமாக நறுக்கி, வளையங்களைப் பிரித்துக் கழுவியது. மைதா ஒரு கப், முட்டை ஒன்று, சமையல் சோடா அரை டீஸ்பூன், மிளகாய்த்தூள், உப்பு, குழாய்த் தண்ணீர். கட்டி இல்லாமல் நன்றாக அடித்துக் கலக்கி அரை மணி நேரம் ஊறவிட்டது. கழுவிய ஈரத்தோடு வளையங்களை மாவில் முக்கி, மிதமான தீயில் காய்ந்த எண்ணெயில் ஒரு ஈட்டுக்கு எட்டு. பொன்னிறமானதும் எடுத்து டிஷ்யூ பேப்பரில் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கியது.

ஒன்று, ஐந்தே நிமிடத்தில் நமத்துவிடுகிறது. இரண்டு, ஒரு வாய் கடித்தால் வெங்காயம் முழுதாக உருவிக்கொண்டு வந்துவிடுகிறது. கையில் வெறும் மாவுக்கூடுதான் மிச்சம். மூன்று, பொரியும்போதே அங்கங்கே மாவு கழன்று வெங்காயம் பல்லிளிக்கிறது. நான்கு, எண்ணெய் குடிக்கிறது.

தெர்மாமீட்டர் கிடையாது. மாவில் சோடாத் தண்ணீர் ஊற்று, வெங்காயத்தை ஃப்ரீசரில் வை, இரண்டு தடவை பொரி என்று ஆளுக்கொன்று சொல்கிறார்கள். இதில் எது உண்மையிலேயே வேலை செய்யும்?


வாணலி:

வெங்காயத்திலிருந்து தொடங்குகிறேன். மாவைப் பற்றி நிறையப் பேர் எழுதுவார்கள், வெங்காயத்தை யாரும் கண்டுகொள்ள மாட்டார்கள். உங்களுடைய இரண்டாவது, மூன்றாவது கோளாறுகளின் வேர் அங்கேதான் இருக்கிறது.

ஒவ்வொரு வளையத்தின் உட்பக்கத்திலும் கண்ணாடித்தாள் போல மெல்லிய சவ்வு ஒன்று ஒட்டிக்கொண்டிருக்கும். பள்ளிக்கூடத்தில் நுண்ணோக்கிக்கு அடியில் வைத்துப் பார்ப்போமே, அதே வெங்காயத் தோல்தான். அது வழவழப்பானது, மாவு அதன்மேல் பிடிக்காது. எண்ணெயில் வெங்காயம் வெந்து சுருங்கும்போது இந்தச் சவ்வு கழன்று, கூட்டுக்கும் வெங்காயத்துக்கும் நடுவே இடைவெளி விழுகிறது. போதாததற்கு அது பல்லுக்கு அறுபடாமல் நார்போல இழுபடும். கடித்த இடத்தில் அறாமல் முழு வெங்காயமும் கூடவே வருவது இதனால்தான்.

அதை உரித்துவிட வேண்டும். பச்சையாக இருக்கும்போது கத்தி நுனியால் ஓரத்தைக் கிளப்பி இழுக்கலாம். பாதியில் கிழியும், பொறுமை தீரும். ஃப்ரீசர் வழி இதற்காகத்தான் சொல்லப்படுகிறது. நறுக்கிய வளையங்களைப் பையில் போட்டு, கல்லாகும்வரை வையுங்கள், குறைந்தது 1 மணி நேரம். உள்ளே உறையும் நீர் விரிவடைந்து செல்சுவர்களை உடைத்துவிடும். பிறகு குழாய்த் தண்ணீரில் இரண்டு மூன்று நிமிடம் போட்டு எடுத்தால் சவ்வு விரலோடு வழுக்கிக்கொண்டு வரும். வெங்காயமும் கொஞ்சம் துவண்டிருக்கும், பயப்பட வேண்டாம். பொரித்த பிறகு பல்லுக்கு மெத்தென்று அறுபடுவது அதனால்தான்.

துவண்ட வெங்காயம் நிறையத் தண்ணீர் விடும் என்பதுதான் இதில் உள்ள சங்கடம். ஒரு துணியில் பரப்பி, மேலே இன்னொரு துணி போட்டு அழுத்தி ஒற்றுங்கள். ஒற்றிய பிறகு வளையத்தைத் தொட்டால் விரலில் ஈரம் ஒட்டக் கூடாது.

கனம்: அரை சென்டிமீட்டர் போதாது. மாவு வேகும் நேரத்துக்குள் அவ்வளவு மெல்லிய வெங்காயம் சுருங்கிக் கூட்டைவிட்டு விலகிவிடும். 1 முதல் 1.2 செ.மீ. வரை நறுக்குங்கள். 8 முதல் 10 செ.மீ. விட்டமுள்ள வெங்காயம் நல்லது. நடுக்குருத்துச் சின்ன வளையங்கள் இதற்கு உதவாது, வேறு சமையலுக்கு வைத்துக்கொள்ளுங்கள். வெள்ளை அல்லது மஞ்சள் தோல் வெங்காயம் கிடைத்தால் நல்லது. சிவப்பு வெங்காயமும் பொரியும், உள்ளே நிறம் மட்டும் சற்றுக் கறுத்துத் தெரியும்.

வெங்காயத்தின்மேல் நேரடியாக உப்புத் தூவாதீர்கள். உப்பு உள்ளிருக்கும் நீரை வெளியே இழுத்துவிடும், நீங்கள் ஒற்றிய வேலையெல்லாம் வீண்.

மாவில் முக்குவதற்கு முன் உலர்ந்த மாவில் ஒரு புரட்டு. தட்டில் 3 மேசைக்கரண்டி மைதா அல்லது கார்ன்ஃப்ளாரைப் பரப்பி, வளையத்தை இரு பக்கமும் புரட்டி, விரலால் தட்டி உதிரியை உதறிவிடுங்கள். மிச்சமிருக்கும் ஈரத்தை அது குடித்துக்கொண்டு சொரசொரப்பான பரப்பைத் தரும். கரைத்த மாவு பற்றுவதற்கு அதுதான் பிடிமானம். எல்லாவற்றையும் முதலிலேயே புரட்டி வைத்தால் ஊறிப் பசையாகிவிடும். ஒரு ஈட்டுக்கு வேண்டியதை மட்டும் புரட்டுங்கள்.


தராசுத்தட்டு:

மாவு என் பங்கு.

முதலில் கப்பைத் தள்ளி வையுங்கள். மைதாவைத் தளர்வாக அள்ளினால் ஒரு கப் 120 கிராம், அமுக்கி அள்ளினால் 150 கிராம் வரை போகும். 30 கிராம் வித்தியாசம் கரைத்த மாவின் பதத்தையே மாற்றிவிடும். ஒரு நாள் நன்றாக வந்து மறுநாள் சொதப்புவதற்குப் பாதிக் காரணம் இதுதான்.

இரண்டு பெரிய வெங்காயத்துக்கு, அதாவது ஏறக்குறைய 25 முதல் 30 வளையத்துக்கு: மைதா 100 கிராம், கார்ன்ஃப்ளார் 30 கிராம், பச்சரிசி மாவு 20 கிராம், பேக்கிங் பவுடர் 1 டீஸ்பூன், உப்பு முக்கால் டீஸ்பூன், சர்க்கரை அரை டீஸ்பூன், ஐஸ் குளிர்ச்சியில் உள்ள வெறும் சோடா 180 மி.லி. மேற்கொண்டு 20 மி.லி. சோடாவைக் கையில் வைத்திருங்கள்.

கார்ன்ஃப்ளார் என்று நான் சொல்வது வெள்ளை வெளேரென்று, விரலால் அமுக்கினால் கிறீச்சிடும் ஸ்டார்ச். மஞ்சள் நிற மக்காச்சோள மாவைப் போட்டால் வேறு பண்டம் ஆகிவிடும்.

இந்தக் கலவை ஏன்? மைதாவில் உள்ள புரதம் தண்ணீர் பட்டுக் கிளறினால் குளூட்டனாகி ஜவ்வாக இழுக்கும். கொஞ்சம் குளூட்டன் வேண்டும், இல்லாவிட்டால் மாவு வெங்காயத்தில் தங்காது. அதிகமானால் மேல்கூடு தோல்போல ஆகி, ஆறியதும் ரப்பர். கார்ன்ஃப்ளாரிலும் அரிசி மாவிலும் குளூட்டன் கிடையாது; அவை மைதாவின் பங்கைக் குறைத்து, கூடு மெல்லியதாக உடையும்படி செய்கின்றன. அரிசி மாவு தரும் நறுக்கென்ற கடினம் தனி, 20 கிராமிலேயே தெரியும். 50 கிராமுக்கு மேல் போனால் பல்லைப் பதம் பார்க்கும்.

நீங்கள் செய்ததில் குளூட்டனை வளர்க்கும் காரியங்கள் மூன்று வரிசையாக இருக்கின்றன: வெறும் மைதா, நன்றாக அடித்துக் கலக்கியது, அரை மணி நேரம் ஊறவிட்டது. மூன்றையும் தலைகீழாக்குங்கள். உலர்ந்த பொருட்களைச் சலித்து முன்கூட்டியே ஃப்ரிட்ஜில் வைத்துவிடலாம். எண்ணெய் காய்ந்த பிறகுதான் சோடாவை ஊற்ற வேண்டும். கரண்டிக் காம்பாலோ குச்சியாலோ பத்துப் பன்னிரண்டு சுற்று, அதோடு நிறுத்துங்கள். மிளகளவு கட்டிகள் தெரியும், தெரியட்டும். கிண்ணத்தை ஐஸ்கட்டித் தண்ணீரில் உட்கார வைத்து 15 நிமிடத்துக்குள் தீர்த்துவிடுங்கள். அதற்கு மேல் நின்றால் குமிழி ஓடிப்போய் மாவு கனத்துவிடும்.

சோடாத் தண்ணீர் உண்மையிலேயே வேலை செய்யும். அதில் கரைந்திருக்கும் கார்பன் டை ஆக்சைடு சூடான எண்ணெயில் விரிந்து கூட்டுக்குள் நுண்ணிய ஓட்டைகளை உண்டாக்குகிறது. அந்த ஓட்டைகள் வழியாக நீர் சீக்கிரம் வெளியேறும், கூடு லேசாகும். குளிர்ந்த சோடாவில்தான் வாயு நிற்கும். திறந்து அரை நாள் ஆன பாட்டில் வெறும் தண்ணீர்தான். குளிர்ச்சிக்கு இன்னொரு பயன், குளூட்டன் மெதுவாக உருவாகும்.

முட்டையை விட்டுவிடுங்கள். மஞ்சள் கரு கூட்டை மிருதுவாக்கும், கேக் போல் உப்பும், வெங்காயம் வேகும் முன்பே நிறம் ஏறிவிடும். சமையல் சோடாவும் வேண்டாம். உங்கள் கலவையில் அதற்கு ஈடுகொடுக்கப் புளிப்பு எதுவும் இல்லை. சோடாவின் காரத்தன்மை மிஞ்சி சோப்பு வாடை அடிக்கும், சட்டென்று கறுக்கும். பேக்கிங் பவுடரில் அமிலம் உள்ளேயே இருக்கிறது. அதுவும் 1 டீஸ்பூனோடு சரி, கூட்டினால் கூடு பஞ்சாகி எண்ணெய் உறிஞ்சும். மிளகாய்த்தூள் 180 டிகிரியில் கருகும் பொருள். அதைக் கடைசியில் உப்போடு சேர்த்து மேலே தூவுங்கள்.

பதம் பார்க்க: வளையத்தை முக்கித் தூக்கினால் மாவு சீரான தாரையாக வழிந்து, மூன்று நான்கு நொடியில் சொட்டுச்சொட்டாகக் குறைய வேண்டும். தூக்கியவுடன் வெங்காயம் தெரிந்தால் தளர்வு, 1 டீஸ்பூன் மைதா. வழியாமல் அப்பிக்கொண்டு நின்றால் கெட்டி, 1 மேசைக்கரண்டி சோடா.


சுடுஎண்ணெய்:

மேலே சொன்னது எல்லாம் சரியாக இருந்து, எண்ணெய் 150-ல் இருந்தால் அத்தனையும் போச்சு. வேண்டியது 180 முதல் 185 டிகிரி. வளையம் போட்டதும் 10, 15 டிகிரி இறங்கும், 165-க்குக் கீழே விடாமல் பிடித்துக்கொள்ள வேண்டும்.

மிதமான தீ என்பது ஒரு வெப்பநிலை கிடையாது. அதே தீயில் எண்ணெய் 140-லும் இருக்கலாம், 210-லும் இருக்கலாம். தெர்மாமீட்டர் இல்லை என்றால் கரைத்த மாவில் ஒரு சொட்டு விட்டுப் பாருங்கள். அடிவரை போய் உட்கார்ந்து சோம்பலாக மேலே வந்தால் சுமார் 150, 160. பாதி ஆழம் போய்ச் சட்டென்று எழும்பினால் 170, 180, போடலாம். உள்ளே போகாமல் மேலேயே சிதறிப் பொரிந்தால் 190-ஐத் தாண்டிவிட்டது, தீயைக் குறைத்து ஒரு நிமிடம் பொறுங்கள். ஒவ்வொரு ஈட்டுக்கு முன்பும் இந்தச் சோதனை வேண்டும். முதல் ஈட்டில் பார்த்தோம் என்று விட்டால் மூன்றாவது ஈடு சொதப்பும்.

தெர்மாமீட்டர் வாங்குவதாக இருந்தால் முனை எண்ணெய்க்குள் மூழ்கும் வகையாக வாங்குங்கள். தூரத்தில் இருந்து ஒளியால் அளக்கும் வகை மேற்பரப்பை மட்டும்தான் காட்டும். முனை பாத்திரத்தின் அடியில் இடிக்கக் கூடாது.

பாத்திரம்: அடி கனமாக, பக்கம் நேராக, உயரம் 12 செ.மீ.க்குக் குறையாமல். 22 செ.மீ. அகலப் பாத்திரத்தில் 1.5 லிட்டர் எண்ணெய் ஊற்றினால் ஏறக்குறைய 4 செ.மீ. ஆழம் நிற்கும், போதும். வாணலியில் ஓரம் சரிவாக இருப்பதால் வளையங்கள் நடுவில் வந்து ஒன்றோடொன்று ஒட்டும். பாதிக்கு மேல் எண்ணெய் நிரப்பாதீர்கள், நுரைத்துப் பொங்கும். சுத்திகரித்த கடலை எண்ணெய், சூரியகாந்தி எண்ணெய் இரண்டும் இந்தச் சூட்டைப் புகையாமல் தாங்கும்.

ஒரு ஈட்டுக்கு எட்டு வளையம் மிக அதிகம். 1.5 லிட்டருக்கு நான்கு, மிஞ்சினால் ஐந்து.

போடும் விதம் முக்கியம். வளையத்தைக் குச்சியில் மாட்டி, முக்கால் பாகம் எண்ணெயில் இறக்கி, மூன்று நொடி பிடித்துவிட்டு மெதுவாக நழுவ விடுங்கள். அதற்குள் வெளி மாவு இறுகிவிடும். அப்படியே போட்டால் அடியில் போய் ஒட்டி, பிய்த்து எடுக்கும்போது ஒரு பக்கம் மொட்டையாகும். உங்கள் மூன்றாவது கோளாறில் இதற்கும் பங்கு இருக்கும். கம்பிக்கூடைக்குள் வைத்து இறக்குவதும் அதே கதைதான், மாவு கம்பியைச் சுற்றி இறுகும்.

ஒன்றரை நிமிடத்தில் ஒரு தடவை திருப்பினால் போதும். மொத்தம் இரண்டரை, மூன்று நிமிடம். நிறத்தோடு சத்தத்தையும் கவனியுங்கள். சலசலவென்று கொதிக்கும் குமிழிகள் அடங்கி, சத்தம் மெலிந்து கீச்சென்று மாறும். கூட்டில் இருந்த நீர் பெரும்பாலும் போய்விட்டது என்பதற்கு அதுதான் அடையாளம். நிறம் வந்தும் சத்தம் பலமாக இருந்தால் தீ அதிகம், உள்ளே இன்னும் ஈரம்.

எடுத்த பிறகு டிஷ்யூ பேப்பரில் அடுக்கினீர்கள் பாருங்கள், நமத்ததற்குப் பாதிப் பழி அதற்கு. வெங்காயத்தில் கிட்டத்தட்ட 89 சதவீதம் நீர். வெளியே எடுத்த பிறகும் அது ஆவி விட்டுக்கொண்டே இருக்கும். தாளில் படுத்திருக்கும் பக்கத்தில் ஆவி போக வழியில்லை, அங்கேயே குளிர்ந்து நீராகி மேல்கூட்டை நனைக்கும். கம்பி வலைத்தட்டில், ஒன்றின்மேல் ஒன்று படாமல், கீழேயும் காற்றோட்டம் இருக்கும்படி வையுங்கள்.

எண்ணெய் குடிப்பதைப் பற்றி ஒரு தவறான எண்ணம் பரவலாக இருக்கிறது. பொரியும்போது ஆவி வெளியே தள்ளிக்கொண்டே இருப்பதால் எண்ணெய் அவ்வளவாக உள்ளே நுழையாது. வெளியே எடுத்ததும் ஆவி குளிர்ந்து சுருங்க, மேலே ஒட்டியிருக்கும் எண்ணெய் அந்த ஓட்டைகளுக்குள் இழுபடுகிறது. அதனால் எடுத்த கையோடு சட்டிக்கு மேலேயே இரண்டு உதறு உதறி, உடனே வலைத்தட்டுக்கு. அதற்காகக் குறைந்த சூட்டில் பொரிக்கலாம் என்று அர்த்தம் இல்லை. சூடு குறைந்தால் கூடு இறுக நேரமாகும், மாவு வெளிறிப்போய் எண்ணெயில் ஊறும்.

உப்பு வலைத்தட்டில் வைத்த பத்து நொடிக்குள். எண்ணெய்ப் பசை காய்ந்துவிட்டால் உப்பு ஒட்டாமல் உதிரும். பொடி உப்பாக இருக்கட்டும்.


பசியோடு:

நிறைய விஷயம் கிடைத்தது, நன்றி. இன்னும் நான்கு சந்தேகம். ஆறு பேருக்குப் போடும்போது ஈட்டுக்கு நான்கு என்றால் கடைசி ஈடு வருவதற்குள் முதல் ஈடு ஆறிவிடும், என்ன செய்வது? பீர் ஊற்றச் சொல்லும் செய்முறைகளில் சோடாவையே பயன்படுத்தலாமா? ஏர் ஃப்ரையரில் இதே மாவு சரிவருமா? மைதா சாப்பிடாதவர்களுக்கு என்ன மாற்று?


கைப்பக்குவம்:

ஆறு பேருக்கு என்றால் இரண்டு தடவை பொரிப்பதுதான் வழி. முதல் தடவை 170 டிகிரியில் ஒன்றரை நிமிடம், மாவு இறுகணும், நிறம் ஏறக் கூடாது. எல்லா ஈட்டையும் இப்படிப் போட்டு வலைத்தட்டில் ஆற விடுங்க. பரிமாறுவதற்கு முன்னால் 190 டிகிரியில் 40 முதல் 60 நொடி. வெளி ஈரம் ஏற்கெனவே போயிருப்பதால் இரண்டாவது முறை எண்ணெய்ச் சூடு அவ்வளவாக இறங்காது, ஈட்டுக்கு ஏழெட்டு போடலாம். ஆறும் நேரத்தில் வெங்காயத்து ஈரம் கூட்டுக்கு வரும், அதை இரண்டாவது பொரிப்பு விரட்டிவிடும். ஒற்றைப் பொரிப்பைவிட இது பத்து நிமிடமாவது கூடுதலாக மொறுமொறுப்பு நிற்கும். நாலு பேருக்குக் குறைவு என்றால் இந்த மெனக்கெடல் தேவையே இல்லை.

ஓவன் இருந்தால் இன்னும் சுலபம். 100 டிகிரியில் வைத்து, வலைத்தட்டோடு உள்ளே தள்ளிவிட்டால் 20 நிமிடம் தாங்கும். மூடி போட்ட பாத்திரம், ஹாட்பாக்ஸ் பக்கம் மட்டும் போகாதீங்க.

முதல் பொரிப்பு முடிந்ததை ஃப்ரீசரிலும் வைக்கலாம். முழுக்க ஆறிய பிறகு தட்டில் படாமல் பரப்பி, கல்லானதும் பையில் கட்டிவிடுங்க. ஒரு மாதம் நன்றாக இருக்கும். உருக விடாமல் அப்படியே 185 டிகிரி எண்ணெயில் இரண்டு, இரண்டரை நிமிடம். உருகவிட்டால் மாவு ஊறிக் கழன்றுவிடும்.

பீருக்குப் பதில் சோடா தாராளமாகப் போடலாம். பீரில் வாயு உண்டு, ஆல்கஹால் உண்டு, மால்ட் வாசமும் நிறமும் உண்டு. ஆல்கஹால் 78 டிகிரியிலேயே கொதித்துப் போவதால் கூடு சீக்கிரம் காயும், குளூட்டனும் குறைவாக உருவாகும். அந்த வேலையைக் கார்ன்ஃப்ளாரும் அரிசி மாவும் ஏற்கெனவே செய்கின்றன. நிறத்துக்குத்தான் அரை டீஸ்பூன் சர்க்கரை.

வாணலி சொன்ன ஃப்ரீசர் வழியில் எனக்கு முழு உடன்பாடு இல்லை. உறைந்து உருகிய வெங்காயத்தில் நறுக்கென்ற கடி போய்விடும். ஐஸ் தண்ணீரில் அரை மணி நேரம் போட்டு, காரத்தை இறக்கி, சவ்வைக் கையால் உரித்தால் கடிக்கும்போது வெங்காயம் வெங்காயமாகவே இருக்கும்.


வாணலி:

கடி போகும், உண்மைதான். ஆனால் கேட்டவருடைய இரண்டாவது கோளாறே வெங்காயம் அறுபடாமல் உருவிக்கொண்டு வருவது. நறுக்கென்று இருக்கும் வெங்காயத்துக்கு அந்த ஆபத்து எப்போதும் உண்டு. ஒரு சின்ன நடுவழி: 1 செ.மீ.க்குப் பதில் 8 மி.மீ. கனத்தில் நறுக்கி, ஐஸ் தண்ணீர் முறையில், சவ்வை ஒன்றுவிடாமல் உரித்துச் செய்தால் இரண்டும் ஓரளவு கிடைக்கும். 8 மி.மீ.க்குக் கீழே இறங்காதீர்கள். ஐஸ் தண்ணீரில் ஊறியதையும் அதே கண்டிப்போடு துணியில் ஒற்ற வேண்டும்.


நொறுக்கு:

ஏர் ஃப்ரையரில் கரைத்த மாவு வேலைக்காகாது. எண்ணெய் சுற்றிலும் ஒரே நேரத்தில் சூடு தருவதால் மாவு போட்ட நொடியில் இறுகுகிறது. சூடான காற்றுக்கு அந்த வேகம் இல்லை. மாவு இறுகும் முன் வழிந்து கூடையின் ஓட்டைகளில் சொட்டி, வெங்காயம் மொட்டையாக நிற்கும். அங்கே ரொட்டித்தூள் பூச்சுதான் வழி.

மூன்று தட்டு வையுங்கள். முதலில் உலர்ந்த மைதா. இரண்டாவதில் தராசுத்தட்டு சொன்ன கலவை, சோடாவை 150 மி.லி.யாகக் குறைத்துக் கெட்டியாக. மூன்றாவதில் ரொட்டித்தூள், 150 கிராம். ஏர் ஃப்ரையரில் வெங்காயம் வெந்து முடியும் நேரத்துக்குள் ரொட்டித்தூளுக்கு நிறம் ஏறாது, அதனால் அதை முன்கூட்டியே 1 மேசைக்கரண்டி எண்ணெயில் வெளிர்ப் பொன்னிறமாக வறுத்து ஆறவிடுங்கள். எல்லோரும் தாண்டிப்போகும் படி இதுதான், வெளிறிய ரிங்ஸ் வருவதும் இதனால்தான்.

ஒரு கை ஈரத்துக்கு, ஒரு கை உலர்ந்ததுக்கு என்று பிரித்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் விரல்களுக்குத்தான் ரொட்டித்தூள் பூச்சு கிடைக்கும். பூசிய வளையங்களை 15 நிமிடம் ஃப்ரிட்ஜில் வைத்தால் தூள் பிடித்துக்கொள்ளும். பிறகு மேலே லேசாக எண்ணெய் தெளித்து, 200 டிகிரியில், ஒற்றை அடுக்காக, 8 முதல் 10 நிமிடம், நடுவில் ஒரு தடவை திருப்பி. ஓவன் என்றால் தட்டில் 2 மேசைக்கரண்டி எண்ணெய் தடவி, தட்டையே 220 டிகிரியில் காயவைத்து அதன்மேல் அடுக்குங்கள், 16 முதல் 18 நிமிடம்.

எண்ணெயில் பொரித்ததற்கு இது இணையாகாது, வேறு பண்டம் என்று எடுத்துக்கொள்ளுங்கள். இதே பூச்சை எண்ணெயிலும் பொரிக்கலாம். ஆனால் வறுக்காத தூள், 175 டிகிரி; தூள் சீக்கிரம் சிவக்கும்.


தராசுத்தட்டு:

மைதா இல்லாமல்: பச்சரிசி மாவு 90 கிராம், கார்ன்ஃப்ளார் 60 கிராம், பேக்கிங் பவுடர் 1 டீஸ்பூன், உப்பு முக்கால் டீஸ்பூன், சர்க்கரை 1 டீஸ்பூன், முட்டையின் வெள்ளைக்கரு ஒன்று, குளிர்ந்த சோடா 130 மி.லி.யில் தொடங்கிப் பதம் பார்த்துச் சேர்ப்பது. முன்பு முட்டை வேண்டாம் என்றேன், இங்கே வேண்டும் என்கிறேன். குளூட்டன் இல்லாத மாவைச் சேர்த்துப் பிடிக்க வேறு ஆள் கிடையாது, வெள்ளைக்கரு அந்த வேலையைச் செய்யும். மஞ்சள் கரு அப்போதும் வேண்டாம்.

இதில் கிளறலுக்குப் பயப்பட வேண்டாம், எவ்வளவு அடித்தாலும் ஜவ்வு பிடிக்காது. ஆனால் அரிசி மாவு அடியில் தங்கும், ஒவ்வொரு வளையத்துக்கு முன்பும் ஒரு கலக்கு. மேலே நிற்கும் தண்ணீரில் முக்கினால் மாவே ஏறாது. அரிசி மாவு நைசாக இருக்கணும். விரலில் தேய்த்தால் ரவை போல் நெருடினால் சலித்துக்கொள்ளுங்கள். நிறம் வெளிறித்தான் இருக்கும், சிவக்கட்டும் என்று காத்திருந்தால் கல்லாகிவிடும். சத்தம் அடங்கியதும் எடுத்துவிடுங்கள்.


பசியோடு:

ஃப்ரீசர் முறை, மைதா 100, கார்ன்ஃப்ளார் 30, அரிசி மாவு 20, சோடா 190 மி.லி., ஈட்டுக்கு நான்கு, வலைத்தட்டு. உருவிக்கொண்டு வருவது நின்றுவிட்டது, 15 நிமிடம் கழித்தும் மொறுமொறுப்பு இருக்கிறது. ஒரே ஒரு குறை: மூன்றாவது ஈட்டிலிருந்து வளையங்களில் கரும்புள்ளி, லேசான கசப்பு. நான்காவது ஈட்டில் எண்ணெய் சற்றுப் புகைந்தது.


சுடுஎண்ணெய்:

புள்ளிகள் முந்தைய ஈடுகளில் உதிர்ந்த மாவுத் துணுக்குகள். எண்ணெயிலேயே கிடந்து கருகி, அடுத்த வளையத்தில் ஒட்டிக்கொள்கின்றன, கசப்பும் அவற்றால்தான். ஒவ்வொரு ஈடு முடிந்ததும் நெருக்கமான கண்ணுள்ள வடிகரண்டியால் எண்ணெயை அரித்து எடுங்கள், அடியில் இருப்பதையும் சேர்த்து. வளையத்தை மாவிலிருந்து தூக்கியதும் கிண்ணத்தின் விளிம்பில் ஒரு தட்டு தட்டி, சொட்டுவது குறைந்த பிறகு எண்ணெய்க்குக் கொண்டுபோனால் துணுக்கே பாதியாகக் குறையும்.

புகை வந்தது ஈடுகளுக்கு நடுவில் தீயைக் குறைக்காமல் விட்டதால் இருக்கும். வளையங்கள் உள்ளே இருக்கும்போது தீ கூடுதல், எடுத்ததும் குறைவு என்று கையை அடுப்புத் திருகிலேயே வைத்திருக்க வேண்டும். புகைந்த எண்ணெயை மறுபடி பயன்படுத்தாதீர்கள். புகையாத எண்ணெய் என்றால் முழுக்க ஆறிய பிறகு துணியில் வடிகட்டி, வெளிச்சம் படாமல் வைத்து இன்னும் இரண்டு முறை பொரிக்கலாம். பொரிக்கும்போது நுரை அடங்காமல் நின்றாலோ, முன்பைவிடக் குறைந்த சூட்டிலேயே புகைந்தாலோ, எண்ணெய் பிசுபிசுத்தாலோ கொட்டிவிட வேண்டியதுதான்.

புகை தொடர்ந்தால் அடுத்தது தீ. பக்கத்திலேயே பாத்திரத்துக்குப் பொருந்தும் உலோக மூடி இருக்கட்டும். தீப்பற்றினால் அடுப்பை அணைத்து, மூடியைப் பக்கவாட்டில் நகர்த்தி மூடிவிட்டு, ஆறும்வரை பாத்திரத்தை அசைக்காதீர்கள். தண்ணீர் ஊற்றவே கூடாது. நீர் எண்ணெய்க்கு அடியில் போய் ஆவியாகும்போது 1,600 மடங்குக்கு மேல் விரியும், எரியும் எண்ணெயைக் கூரைவரை தூக்கி எறியும். உறைந்து உருகிய வெங்காயத்தை ஒழுங்காக ஒற்றாமல் போட்டால் தெறிப்பதும் இதே காரணத்தால்தான், அளவுதான் சின்னது.


பசியோடு:

திருகைக் குறைக்கவே இல்லை, அதேதான். மிச்சமான உலர் கலவையை, சோடா சேர்க்காததை, எத்தனை நாள் வைக்கலாம்?


தராசுத்தட்டு:

ஈரம் படாத டப்பாவில் இரண்டு மாதம் தாராளமாக. பேக்கிங் பவுடர் ஈரத்தில் வீரியம் இழக்கும் என்பதால் அதை மட்டும் தனியே வைத்து, கரைக்கும்போது 150 கிராம் கலவைக்கு 1 டீஸ்பூன் கணக்கில் சேருங்கள். சேர்க்கும் முன் அரை டீஸ்பூனை வெந்நீரில் போட்டுப் பாருங்கள், பொங்காவிட்டால் வேறு டப்பா.